பவுன் ஏன் பொம்மையைத் தொடவில்லை?

கேள்வி: மதிப்பிற்குரிய டாக்டர் அவர்களுக்கு, நாங்கள் சேலத்தில் அடுக்குமாடி வீட்டில் குடியிருக்கிறோம். பதினான்கு மாத ஆண் காக்கட்டீல் (கொண்டையுள்ள சிறு கிளி) ஒன்று வளர்க்கிறோம். உடல் முழுக்க மஞ்சள் என்பதால் பவுன் என்று பெயர் வைத்தோம். நானும் கணவரும் வேலைக்குப் போகிறோம், மகன் ஐந்தாம் வகுப்பு படிக்கிறான். காலை எட்டரையிலிருந்து மாலை நான்கரை வரை பவுன் தனியாகத்தான் இருக்கும். இரண்டு மாதமாக ஓயாமல் கத்துகிறது. நெஞ்சிலிருந்து இறகுகளைப் பிடுங்கிப் போடுகிறது. கொண்டைக்குப் பின்னால் வழுக்கையும் தெரிகிறது. பொழுது போகாமல்தான் இப்படிச் செய்கிறது என்றார்கள். கடையில் விற்கும் விளையாட்டுப் பொருட்களின் விலை கட்டுப்படியாகவில்லை. அதனால் காணொளிகளைப் பார்த்து, வீட்டில் கிடந்தவற்றைக் கொண்டு நானும் மகனும் ஏழு பொம்மைகள் செய்து கூண்டுக்குள் தொங்கவிட்டோம். பாட்டில் மூடிகளைச் சணலில் கோத்த மாலை, முட்டை அட்டைக் கோபுரம், பழைய சலங்கையிலிருந்து எடுத்த மணிகள், ஓட்டை போட்ட சிரட்டை வீடு, முகம் பார்க்கும் கண்ணாடி, துணிக்கயிற்று ஊஞ்சல், கடை ரசீதுகளைச் சுருட்டிச் செய்த பூ. பவுன் எதையும் தொடவில்லை. மூலையில் ஒடுங்கிக்கொண்டு இன்னும் அதிகமாகக் கத்துகிறது. துணைக்கு ஒரு பச்சைக்கிளிக் குஞ்சு தருவதாகப் பக்கத்து வீட்டில் சொல்கிறார்கள், வாங்கலாமா? மகன் உங்களிடம் கேட்கச் சொன்னது: "டாக்டர் மாமா, நான் செய்த பொம்மை பவுனுக்குப் பிடிக்கவில்லையா?"

பதில்: அன்புள்ள வாசகிக்கு,

முதலில் மகனுக்குச் சொல்லிவிடுகிறேன். பிடிக்கவில்லை என்று யார் சொன்னது தம்பி? பயந்துவிட்டது. நீ பள்ளியிலிருந்து வந்து கதவைத் திறக்கிறாய். உன் கட்டிலுக்கு மேலே முன்பின் பார்த்திராத ஏழு பொருட்கள் ஆடிக்கொண்டிருக்கின்றன. அன்றிரவு நீ அங்கே தூங்குவாயா? காக்கட்டீல் காட்டில் பருந்துக்கு இரையாகிற பறவை. தலைக்கு மேல் புதிதாக எது அசைந்தாலும் அதற்கு உயிர்ப் பயம்தான்.

இனி உங்களுக்கு. இந்தப் பதிலை மேற்கொண்டு படிக்கும் முன் எழுந்து போய் சலங்கை மணி, சணல், ரசீதுப் பூ மூன்றையும் கழற்றிவிட்டு வாருங்கள்.

சலங்கை மணியின் அடியில் ஒரு பிளவு இருக்கிறதல்லவா, அதற்குள் பறவையின் விரல் சுலபமாக நுழையும், வெளியே வராது. இழுத்து இழுத்து நகத்தையே பிய்த்துக்கொள்ளும். மணி பித்தளை, பித்தளையில் துத்தநாகம் உண்டு. கிளி இனத்துப் பறவைகளுக்கு அலகுதான் மூன்றாவது கை, கிடைத்ததையெல்லாம் நக்கும், கடிக்கும், சுரண்டும். துத்தநாகமும் ஈயமும் அவற்றுக்கு நஞ்சு. கூண்டுக்குள் துத்தநாகம் பூசிய ஜிஐ கம்பியால் எதையும் கட்டக்கூடாது என்று நாங்கள் சொல்வதும் இதனால்தான். தொங்கவிட உலோகம் தேவையென்றால் எவர்சில்வர் மட்டும்.

சணலைப் பற்றி எனக்குச் சொந்த வருத்தம் ஒன்று உண்டு. தொழிலுக்கு வந்த புதிதில், லவ் பேர்ட்ஸ் வளர்த்த ஒரு குடும்பத்துக்கு நானே சணல் கயிற்று ஊஞ்சலைப் பரிந்துரைத்தேன். ஒரு மாதம் கழித்துக் கொண்டுவந்தார்கள். பிரிந்த இழை ஒன்று கால்விரலைச் சுற்றி இறுகி, விரல் கருத்துப்போயிருந்தது. எடுக்கத்தான் வேண்டியிருந்தது. அன்றிலிருந்து சணல், தையல் நூல், நைலான், சிம்பு பிரியும் துணிக்கயிறு எதுவும் கூண்டுக்குள் வேண்டாம் என்பதில் நான் பிடிவாதக்காரன். விழுங்கிய நூல் இரைப்பையில் பந்தாகச் சேர்ந்து அடைத்துக்கொள்வதும் உண்டு. உங்கள் ஊஞ்சலுக்கும் இதே தீர்ப்பு.

ரசீதுகளில் எழுத்து மையால் அச்சாவதில்லை. தாளின் மேல் பூசிய வேதிப்பொருள் சூடுபட்டுக் கருப்பதுதான் எழுத்து. அந்தப் பூச்சில் பெரும்பாலும் பிஸ்பீனால் வகை வேதிப்பொருட்கள் இருக்கும். மென்று துப்புகிற பறவைக்கு அது எதற்கு?

முட்டை அட்டையைப் பார்த்து நீங்கள் ஆச்சரியப்படுவீர்கள், வெளிநாட்டுக் காணொளி எல்லாவற்றிலும் அதுதானே வருகிறது! அங்கே பல இடங்களில் கழுவிய முட்டை சிறு பெட்டியில் வீட்டுக்கு வருகிறது. நம் மளிகைக் கடைக்கு வருவது கோழி எச்சம் காய்ந்து ஒட்டிய முப்பது முட்டை அட்டை. கோழி எச்சத்தில் சால்மோனெல்லா என்ற நோய்க்கிருமி இருக்கலாம். கூழ் அட்டை என்பதால் கழுவவும் முடியாது. விட்டுவிடுங்கள்.

அடுத்து இறகு. இங்கே கொஞ்சம் நிதானமாகப் பேசவேண்டும், ஏனென்றால் "பொழுது போகாமல் பிடுங்குகிறது" என்பது கடைசியாக வரவேண்டிய முடிவு, நீங்கள் அதிலிருந்து தொடங்கிவிட்டீர்கள்.

கொண்டைக்குப் பின்னாலிருக்கும் வழுக்கையை மறந்துவிடலாம். மஞ்சள் காக்கட்டீல்களை லூட்டினோ வகை என்போம். அவற்றில் பலவற்றுக்குப் பிறப்பிலேயே அந்த இடத்தில் இறகு இராது, பரம்பரை வாகு அது. எந்தப் பறவைக்கும் தன் தலை தன் அலகுக்கு எட்டாது. தலை நிறைந்திருந்து நெஞ்சு மட்டும் வெறுமையானால் அது தானே பிடுங்கியது. தலையும் சேர்ந்து உதிர்ந்திருந்தால் நோயையோ, கூட இருக்கும் பறவையையோதான் சந்தேகிக்கவேண்டும். பவுன் முதல் வகை.

ஆனால் தானே பிடுங்கினாலும் காரணம் உடலுக்குள் இருக்கலாம். பேன், செள்ளு, குடல் ஒட்டுண்ணி, ஈரல் கோளாறு, வெறும் விதையை மட்டுமே தின்று வளர்வதால் வரும் வைட்டமின் ஏ குறைபாடு என்று எத்தனையோ. தோல் அரித்தால் பறவை சொறியாமல் என்ன செய்யும்? எனவே ஒருமுறை காட்டிவிடுங்கள். நாமக்கல் கால்நடை மருத்துவக் கல்லூரி உங்களுக்குத் தொலைவில்லை. முதல் நாள் இரவு கூண்டின் அடியில் வெள்ளைத் தாள் விரித்து, காலையில் எச்சம் படிந்த அந்தத் தாளையும் எடுத்துச் செல்லுங்கள். என்ன தின்கிறது என்று ஒரு வாரக் குறிப்பும் இருந்தால் மருத்துவருக்குப் பாதி வேலை மிச்சம்.

இன்னொன்று. ஆண் என்று யார் சொன்னது? கடைக்காரர்தானே? லூட்டினோவில் ஆண் பெண் வித்தியாசம் பார்த்தவுடன் தெரியாது. சாம்பல் நிறக் காக்கட்டீல் என்றால் முகத்தின் மஞ்சளை வைத்துச் சொல்லிவிடலாம், இதில் எல்லாமே மஞ்சள். வாலின் அடிப்புறத்தை வெளிச்சத்தில் பாருங்கள். மங்கிய மஞ்சள் வரிகள் இருந்தால் பெண்ணாக இருக்க வாய்ப்பு அதிகம். பதினான்கு மாதமாகியும் மெட்டாக விசிலடிப்பதாக நீங்கள் எழுதவில்லை, கத்துகிறது என்று மட்டுமே சொல்கிறீர்கள்; அதுவும் எனக்கு அந்தப் பக்கமே கை காட்டுகிறது. பெண் என்றால் உங்கள் சிரட்டை வீடு ஆபத்து. இருட்டான, நுழைவதற்கு ஓட்டை உள்ள எதையும் பெண் காக்கட்டீல் கூடாகத்தான் பார்க்கும். துணையே இல்லாமல் முட்டையிடத் தொடங்கும். அடுத்தடுத்து இட்டால் உடலிலுள்ள கால்சியம் வற்றி, முட்டை வெளியே வராமல் அடைத்து உயிரே போகலாம். சிரட்டையைத் தூக்கி எறியவேண்டாம். கவிழ்க்காமல் கிண்ணமாக வையுங்கள், நார் நீங்கத் தேய்த்துக் கழுவிய சிரட்டை அருமையான தீனிக் கிண்ணம். கண்ணாடியையும் எடுத்துவிடுங்கள். அதில் தெரிவது ஒரு துணை என்று நம்பி, உண்டதைக் கக்கி ஊட்டப் பார்க்கும். பதில் வராத துணையோடு நாள் முழுக்கக் குடித்தனம் நடத்துவது யாருக்கும் நல்லதில்லை.

ஆக ஏழில் ஆறு போயிற்று. மகன் முகம் வாடியிருக்கும். பாட்டில் மூடிகள் தப்பித்தன, அவற்றைப் பிறகு சொல்கிறேன்.

நீங்கள் பார்த்த காணொளிகள் பெரும்பாலும் மக்காவ், அமேசான் போன்ற பெரிய கிளிகளுக்கானவை. அவை மரத்தில் தொங்கி, கிளையில் பழம் பறித்து, கொட்டை உடைத்துத் தின்பவை. தலைக்கு மேலே தொங்கும் கட்டை அவற்றுக்குச் சொந்த ஊர் மாதிரி. கடைக்காரர்கள் காக்டெயில் என்று சொல்லும் நம் பவுன் ஆஸ்திரேலியாவின் உட்பகுதிப் புல்வெளியைச் சேர்ந்தது. கூட்டமாகத் தரையில் இறங்கி, குனிந்து நடந்து, புல் விதைகளைப் பொறுக்கித் தின்னும். சோளமும் சூரியகாந்தியும் விளையும் வயல்களில் விவசாயிகள் இதை விரட்டுகிறார்கள். நம் குறிஞ்சி நிலத்துப் பெண்கள் பரண் மேல் அமர்ந்து, தட்டை, குளிர் என்ற கருவிகளை ஒலித்துத் தினைப்புனத்துக் கிளிகளை ஓட்டினார்களே, அதே கதை. விரட்ட விரட்டத் திரும்பி வந்து, ஒரு கதிரைக் கொத்த ஒரு நாளெல்லாம் பாடுபட்ட இனத்துக்கு நாம் காலையில் ஒரு கிண்ணம் நிறையத் தீனி வைத்துவிட்டு அலுவலகம் போகிறோம். அரை மணி நேரத்தில் சாப்பாடு முடிந்தது. மீதி ஏழரை மணி நேரத்துக்குக் கையில், அதாவது அலகில், வேலை கிடையாது. தன் இறகு மட்டும்தான் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது.

அதனால் பவுனுக்குத் தேவை வேடிக்கைப் பொருள் என்பதை விட, சாப்பாட்டுக்காகச் செய்யும் வேலை. கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகத்தில் அமேசான் கிளிகளை வைத்துச் செய்த ஆய்வொன்று 2003-இல் வெளிவந்தது. தேடி எடுக்கும்படி தீனியும், ஏறி இறங்கிக் கடிக்கப் பலவகைப் பொருட்களும் கொடுத்து வளர்த்த கிளிகள் இறகு பிடுங்குவது குறைந்தது. ஒன்றும் இல்லாமல் வளர்ந்து பிடுங்கத் தொடங்கியவற்றுக்குப் பிறகு இவற்றைக் கொடுத்தபோதும் இறகின் நிலை தேறியது. பக்கத்திலேயே கிண்ணம் நிறையத் தீனி இருந்தாலும் உழைத்து எடுக்கும் இடத்துக்கே பறவைகள் போவதையும் ஆய்வாளர்கள் பலமுறை பார்த்திருக்கிறார்கள். சும்மா கிடைப்பதில் அவற்றுக்கும் ருசி இல்லை போலும்.

மேலே தொங்கவிட்டதையெல்லாம் எடுத்துவிட்டீர்கள். இனி தரையைப் பாருங்கள்.

விளிம்புள்ள எவர்சில்வர் தாம்பாளம் ஒன்று எடுத்துக்கொள்ளுங்கள். முறம் இன்னும் பொருத்தமாக இருக்குமே என்று தோன்றும். பழைய முறமென்றால் சாணமோ வெந்தயப் பசையோ மெழுகியிருப்பார்கள், வேண்டாம். மகனுடைய சென்ற ஆண்டு நோட்டுப் புத்தகங்களில் எழுதாத தாள்கள் இருக்குமே, பின்களை எண்ணிப் பிடுங்கிவிட்டு அவற்றைக் கிழித்துத் தாம்பாளத்தில் பரப்புங்கள். செய்தித்தாள் கூண்டுக்கு அடியில் விரிக்க மட்டும். அதில் உணவைப் பொட்டலம் கட்டாதீர்கள் என்று மனிதர்களுக்கே உணவுப் பாதுகாப்பு ஆணையம் சொல்லிக்கொண்டிருக்கிறது. தாள் துண்டுகளின் மேல் ஒரு தேக்கரண்டி தினை தூவுங்கள். மளிகைக் கடையில் கிடைப்பது உமி நீக்கிய தினையரிசி. பறவைத் தீனி விற்கும் கடையில் உமியோடு கேட்டு வாங்குங்கள், உமியை உரிப்பதே பாதி வேலை. தினைக் கதிராகவே கிடைத்தால் கொண்டாட்டம்தான்.

முதல் மூன்று நாள் தாம்பாளத்தைக் கூண்டுக்கு வெளியே, அது பார்க்கும்படி வைத்து, நீங்களோ மகனோ பக்கத்தில் உட்கார்ந்து தாளைக் கிழியுங்கள், விரலால் தினையைக் கிளறுங்கள், எதையாவது வாயில் போட்டு மெல்லுவதுபோல் காட்டுங்கள். கூட்டத்தில் மற்றவர் தின்பதைப் பார்த்துத் தின்னப் பழகிய பறவை அது. கொண்டையைக் கவனியுங்கள். நேராக விறைத்து நின்றால் திகில். தலையோடு ஒட்டப் படிந்து சீறினால் கோபம். பாதி சாய்ந்து தளர்ந்திருந்தால் சம்மதம். சம்மதம் கிடைத்த பிறகு தாம்பாளத்தைக் கூண்டின் தரையில் வையுங்கள், எச்சம் விழாதபடி குச்சிக்கு நேர் கீழே இல்லாமல்.

அது தயங்காமல் இறங்கிக் கொத்தத் தொடங்கியதும் தினையைத் தாளுக்கு அடியில் மறையுங்கள். பிறகு கடலைப் பொட்டலம் மாதிரி சிறு கூம்பு மடித்து, உள்ளே நாலைந்து சூரியகாந்தி விதை வைத்து, வாயைத் திறந்தே விடுங்கள். அடுத்த வாரம் வாயை மடியுங்கள். சூரியகாந்தி கொழுப்பு மிகுந்தது, கிண்ணத்தில் அள்ளிப் போடுவதை நிறுத்திவிட்டு இப்படிக் கூலியாக மட்டும் கொடுங்கள்.

அவசரப்பட்டு எல்லாத் தீனியையும் ஒளித்துவிடாதீர்கள், இது முக்கியம். தேடத் தெரியாத பறவை தீனிக்குப் பக்கத்திலேயே பட்டினி கிடக்கும். முதல் வாரங்களில் முக்கால் பங்கு வழக்கம்போல் கிண்ணத்தில் இருக்கட்டும். சமையலறைத் தராசில் வாரம் இருமுறை, காலையில் தீனிக்கு முன் எடை பாருங்கள். காக்கட்டீல் பெரும்பாலும் 80 முதல் 110 கிராம் வரை இருக்கும். பவுனின் வழக்கமான எடையில் பத்தில் ஒரு பங்கு குறைந்தால் ஒளித்து வைப்பதை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் போங்கள்.

பொருட்கள் என்று பார்த்தால் நம் வீடுகளில் கிடைப்பதற்கு என்ன குறை! கூரியரில் வரும் பழுப்பு அட்டைப் பெட்டி, பசைநாடாவும் முகவரித் தாளும் பின்னும் நீக்கிய பிறகு, பொன்னான பொருள். பட்டை பட்டையாக வெட்டி அடுக்குங்கள், அரித்து மாவாக்கிவிடும். விருந்தில் மிஞ்சிய, சாப்பாடு படாத பாக்குமட்டைத் தட்டும் அப்படியே. மக்காச்சோளத்தைத் தோகை உரிக்காமல் வைத்துப் பாருங்கள், தோகையைக் கிழித்து முத்துக்குப் போய்ச்சேர அரை நாள் ஆகும். அந்தத் தோகைக்குள் வேறு தீனி மடித்தும் வைக்கலாம். பச்சைப் பட்டாணியை உரிக்காமல், முருங்கைக் கீரையை ஈர்க்கோடு, கொத்தமல்லியைக் கட்டாகக் கழுவி ஈரத்தோடு கொடுங்கள். மருந்து அடிக்காத கொய்யாக் கிளை, வேப்பங்கிளை பட்டையோடு உட்காரவும் கொறிக்கவும் ஆகும். அரளி, எருக்கு, ஊமத்தை பக்கமே போகவேண்டாம். கட்டவேண்டிய இடத்தில் பூக்கட்டும் வாழைநார், நாலு விரற்கடைக்கு மேல் தொங்காதபடி. சிம்பு பிரிந்ததும் எடுத்துவிடுங்கள். தீப்பெட்டி, சோப்பு உறை, ஊதுவத்தி அட்டை, வழவழப்பான வண்ணத் தாள் எல்லாவற்றுக்கும் தடை. மணியோசை வேண்டுமென்றால் எவர்சில்வர் தேக்கரண்டி இரண்டைக் கூண்டுக் கம்பியில், திருகி மூடும் எவர்சில்வர் வளையத்தில் மாட்டுங்கள். சத்தம் வரும்.

பாட்டில் மூடிகளைச் சணலிலிருந்து உருவி, உள்ளே வட்டச் சவ்வு ஒட்டியிருந்தால் அதையும் எடுத்துவிட்டுக் கழுவுங்கள். மாலையில் பவுனை மேசையில் விட்டு, விளிம்பில் மூடிகளை வரிசையாக வையுங்கள். ஒவ்வொன்றாகத் தள்ளி, கீழே விழுவதை எட்டிப் பார்க்கும். மகன் எடுத்து வைக்கவேண்டும், அது மறுபடி தள்ளும். யார் முதலில் சலிப்பார்கள் என்று எனக்குத் தெரியும். நீங்கள் உடனிருக்கும்போது மட்டும் இந்த விளையாட்டு. பிளாஸ்டிக்கைக் கடித்து உடைக்கத் தொடங்கினால் அதோடு முடித்துக்கொள்ளுங்கள்.

பிடுங்கும் பழக்கம் ஒரு வாரத்தில் நிற்காது. புதிதாக முளைக்கும் இறகு குத்துவதால் அதையே மறுபடி பிடுங்கும். இரண்டு மூன்று மாதம் கணக்கு வையுங்கள். இரவு பத்துப் பன்னிரண்டு மணி நேர இருட்டும் அமைதியும் இல்லாவிட்டால் இத்தனையும் வீண். தொலைக்காட்சி ஓடும் கூடத்தில்தான் கூண்டு இருக்கிறது என்பது என் ஊகம். ஒட்டாத பூச்சுள்ள வாணலியை அடுப்பில் காயவிட்டு மறந்தால் வரும் ஆவி நிமிடங்களில் பறவையைக் கொல்லும். கொசுவத்தி, சாம்பிராணிப் புகையும் ஆகாது.

பச்சைக்கிளிக் குஞ்சு வேண்டவே வேண்டாம். 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி நம் நாட்டுக் கிளிகளைப் பிடிப்பதும் விற்பதும் வளர்ப்பதும் குற்றம். அந்தக் குஞ்சு ஏதோ ஒரு மரப்பொந்திலிருந்து எடுக்கப்பட்டதுதான். பக்கத்து வீட்டுக்காரரிடம் வனத்துறையில் ஒப்படைக்கச் சொல்லுங்கள். இன்னொரு காக்கட்டீல் வாங்குவதைப் பற்றி, பவுனின் இறகு தேறிய பிறகு பேசலாம்; அப்போதும் புதியதை ஒரு மாதம் தனியறையில் வைத்தே சேர்க்கவேண்டும்.

மகனுக்கு ஒரு வேலை பாக்கி. வீட்டில் பாட்டி இருந்தால், அல்லது ஊருக்குப் போகும்போது, குருத்தோலையில் பந்து பின்னக் கற்றுக்கொள்ளச் சொல்லுங்கள். கோயில் திருவிழாவில் விற்கும் பனையோலைக் கிலுகிலுப்பை தெரியுமல்லவா, அதில் கல்லைப் போட்டுக் குலுக்குவார்கள். சாயம் பூசாத ஓலையில் அதே மாதிரி பின்னி, கல்லுக்குப் பதில் தினை போட்டு, இழைகளுக்கு நடுவே தானியம் தெரிகிற அளவுக்கு இடைவெளி விட்டு, தாம்பாளத்தில் உருட்டி விடட்டும். அவன் ஒரு மணி நேரம் பின்னியதைப் பவுன் அரை மணி நேரத்தில் நார்நாராக்கிவிடும். பார்த்து அழுதுவிடப் போகிறான், முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.